திரையின் கீழ்ப்பாதி: வென்டிலேட்டர் கோடுகளைப் படிப்பது

ட்யூப் போட்டு வென்டிலேட்டரில் இணைத்த நோயாளியால் பேச முடியாது. காற்று போதவில்லை என்றோ, உள்ளே போன காற்று வெளியே வர மறுக்கிறது என்றோ அவரால் சொல்ல முடியாது. அதைச் சொல்வதற்கு மூன்று கோடுகள் இருக்கின்றன. அவை இருபத்து நான்கு மணி நேரமும் திரையில் ஓடிக்கொண்டிருக்கின்றன. ஐசியூவில் வேலை செய்யும் நம்மில் பலர் அந்தக் கோடுகளைத் தாண்டி, ஓரத்தில் இருக்கும் எண்களை மட்டும் படித்துச் சார்ட்டில் எழுதிவிட்டு அடுத்த படுக்கைக்குப் போகிறோம்.

எண்களிலும் முதலில் கண்ணில் படுவது பீக் பிரஷர். இந்த அத்தியாயம் உங்கள் கண்ணை வேறோர் இடத்துக்குக் கொண்டுபோகப் பார்க்கிறது. ஃப்ளோ கோட்டில் பூஜ்யத்துக்குக் கீழே இறங்கும் பகுதி, அதாவது வெளிமூச்சு. உள்மூச்சை இயந்திரம் தள்ளுகிறது. அதன் வடிவத்தில் பாதி நாம் வைத்த செட்டிங். வெளிமூச்சின்போது இயந்திரம் வால்வைத் திறந்துவிட்டு ஒதுங்கிக்கொள்கிறது. அதற்குப் பிறகு நடப்பது நுரையீரலின் வேலை. அதனால் நுரையீரலின் நிலைமை தெரிய வேண்டுமானால் முதலில் கீழ்ப்பாதியைப் பார்க்க வேண்டும்.

திரையைச் சரிசெய்துகொள்ளுங்கள்

பெரும்பாலான இயந்திரங்களில் மேலே பிரஷர், நடுவில் ஃப்ளோ, கீழே வால்யூம் என்று மூன்று கோடுகள் நேரத்தோடு ஓடும். இடம் போதாமல் இரண்டுதான் வைக்க முடியும் என்றால் வால்யூமை விட்டுவிட்டு பிரஷரையும் ஃப்ளோவையும் வையுங்கள். ஓடும் வேகத்தை, ஒரே திரையில் மூன்று நான்கு மூச்சுகள் தெரியும்படி வைத்துக்கொள்ளலாம். பத்துப் பதினைந்து மூச்சுகளை நெருக்கி வைத்தால் வடிவம் தெரியாது, வேலி மாதிரி நிமிர்ந்த கோடுகள்தான் தெரியும்.

அளவுகோல் தானாக மாறும் வசதி பல இயந்திரங்களில் உண்டு. அதில் ஒரு ஆபத்து இருக்கிறது. பிரஷர் 20இலிருந்து 40க்கு ஏறினாலும் திரையில் கோட்டின் உயரம் அப்படியே இருக்கும். பக்கத்தில் உள்ள எண்கள் மட்டும் மாறியிருக்கும். ஒவ்வொரு முறையும் இடது ஓரத்து எண்ணைப் பார்த்துவிட்டுத்தான் கோட்டைப் பார்க்க வேண்டும். ஃப்ரீஸ் பட்டனைத் தயங்காமல் பயன்படுத்துங்கள். ஓடும் கோட்டில் ஊகிக்கிறோம். நிறுத்திய கோட்டில்தான் படிக்க முடியும்.

முதலில் ஒரு நல்ல நுரையீரல்

நோயுற்ற நுரையீரலின் கோட்டை அடையாளம் காண, நல்ல நுரையீரலின் கோடு கண்ணில் பதிந்திருக்க வேண்டும். நம் ஊர் ஐசியூக்களில் அதற்குப் பொருத்தமானவர் கட்டுவிரியன் கடித்து வந்த நோயாளி. விஷம் நரம்பிலிருந்து தசைக்குப் போகும் செய்தியைத் தடுத்துவிடுகிறது; மூச்சுத் தசைகள் ஓய்ந்துபோகின்றன. நுரையீரலுக்கோ ஒன்றும் ஆகவில்லை. இயந்திரம் தருவதை அப்படியே வாங்கி அப்படியே விடுகிறது.

165 செ.மீ. உயரமுள்ள ஆண் என்று வைத்துக்கொள்வோம். டைடல் வால்யூமை முடிவுசெய்ய அவருடைய நிஜ எடை வேண்டாம், உயரம்தான் வேண்டும். உயரத்திலிருந்து 152.4ஐக் கழித்து 0.91ஆல் பெருக்கி, ஆணுக்கு 50ஐயும் பெண்ணுக்கு 45.5ஐயும் கூட்டினால் கணக்கிட்ட எடை வரும். இவருக்கு ஏறத்தாழ 61.5 கிலோ. வால்யூம் கண்ட்ரோலில் 400 மி.லி., நிமிடத்துக்கு 16 மூச்சு, பீப் 5, நிமிடத்துக்கு 60 லிட்டர் என்ற சீரான ஃப்ளோ.

இப்போது திரையைப் பாருங்கள். ஃப்ளோ சட்டென்று ஏறி, தட்டையாக நின்று, சட்டென்று இறங்குகிறது. ஒரு சதுரப் பெட்டி. பிரஷர் கோடு தொடக்கத்தில் ஒரு சிறு செங்குத்துப் படி ஏறி, பிறகு நேர்கோடாகச் சாய்ந்து உயர்ந்து 20இல் முடிகிறது. இன்ஸ்பிரேட்டரி ஹோல்ட் பட்டனை ஒரு நொடி அழுத்தினால் காற்றோட்டம் நிற்கிறது. பிரஷர் 20இலிருந்து இறங்கி 13இல் தட்டையாகிறது. அந்தத் தட்டைதான் பிளாட்டோ.

பீக்குக்கும் பிளாட்டோவுக்கும் இடையே உள்ள 7, காற்று குழாய்களைக் கடப்பதற்கான விலை. பிளாட்டோவுக்கும் பீப்புக்கும் இடையே உள்ள 8, நுரையீரலையும் மார்புக்கூட்டையும் விரிப்பதற்கான விலை. நிமிடத்துக்கு 60 லிட்டர் என்பது நொடிக்கு ஒரு லிட்டர். அதனால் அந்த 7ஐ அப்படியே ரெசிஸ்டன்ஸ் என்று எடுத்துக்கொள்ளலாம். வேறு வகுத்தல் தேவையில்லை. ஃப்ளோவை 60இல் வைத்து அளக்கச் சொல்வது இந்த வசதிக்காகத்தான். 400ஐ 8ஆல் வகுத்தால் கம்ப்ளையன்ஸ் 50 மி.லி. பிளாட்டோவிலிருந்து பீப்பைக் கழித்து வரும் எண்ணுக்கு டிரைவிங் பிரஷர் என்று பெயர். 2015இல் அமாட்டோவும் கூட்டாளிகளும் ஒன்பது ஆய்வுகளில் இருந்த 3,562 ஏஆர்டிஎஸ் நோயாளிகளின் விவரங்களைச் சேர்த்துப் பார்த்தபோது, இறப்போடு மிக நெருங்கிய தொடர்பு காட்டிய எண் இதுதான். இது 15ஐத் தாண்டவிடாமல் பார்த்துக்கொள்வது இப்போது பரவலான வழக்கம்.

கீழ்ப்பாதிக்கு வருவோம். வால்வு திறந்ததும் ஃப்ளோ கோடு ஆழமாகக் கீழே பாய்ந்து, வளைந்து மேலேறி, ஒரு நொடிக்குள் பூஜ்யத்தைத் தொட்டுவிடுகிறது. இங்கேயும் கணக்கு இருக்கிறது. ரெசிஸ்டன்ஸ் 7ஐ லிட்டரில் சொன்ன கம்ப்ளையன்ஸ் 0.05ஆல் பெருக்கினால் 0.35 நொடி. இதற்கு டைம் கான்ஸ்டன்ட் என்று பெயர். அதைப் போல மூன்று மடங்கு நேரம் கிடைத்தால் உள்ளே போன காற்றில் 95 சதவீதம் வெளியே வந்துவிடும். இவருக்கு அது ஒரு நொடிதான். ஒரு மூச்சுச் சுற்று 3.75 நொடி, அதில் 0.4 நொடி உள்மூச்சு. ஆக இரண்டு நொடிக்கும் மேலாக ஃப்ளோ கோடு பூஜ்யத்தில் அசையாமல் படுத்திருக்கிறது. அந்த அமைதியான தரையை நன்றாகப் பார்த்துக்கொள்ளுங்கள். இனி வரும் நோயாளிகளிடம் நாம் தேடப்போவது அதைத்தான்.

ஒன்று சொல்லிவிட்டு மேலே போகிறேன். கட்டுவிரியன் கடித்தவரின் கண்ணிமை திறக்காது, விரல் அசையாது, சில நேரம் கண்மணிகூட வெளிச்சத்துக்குச் சுருங்காது. ஆனால் அவருக்கு எல்லாம் கேட்கலாம், வலிக்கலாம். திரையில் கோடு அழகாக இருக்கிறது என்பதால் அவர் நிம்மதியாக இருக்கிறார் என்று ஆகிவிடாது. பெயர் சொல்லிக் கூப்பிட்டு, என்ன செய்யப்போகிறோம் என்று சொல்லிவிட்டுச் செய்யுங்கள். வலிக்கும் பதற்றத்துக்கும் உரிய மருந்தைக் குறைக்காதீர்கள்.

மூச்சு முடியாமலே அடுத்த மூச்சு

நாற்பது வருடம் பீடி குடித்த, சிஓபிடி முற்றிய ஒருவர். ரெசிஸ்டன்ஸ் 25, கம்ப்ளையன்ஸ் 0.07. பெருக்கினால் 1.75 நொடி, மூன்று மடங்கு 5.25 நொடி. இவருக்கு ஒரு மூச்சை முழுதாக வெளியே விட ஐந்து நொடிக்கு மேல் வேண்டும். கார்பன்டைஆக்சைடு ஏறியிருக்கிறது என்று நிமிடத்துக்கு 24 மூச்சு வைத்தால் ஒரு சுற்றுக்கே 2.5 நொடிதான். உள்மூச்சு 0.8 போக மீதி 1.7. மூன்றில் இரண்டு பங்கு காற்றுகூட வெளியே வருவதற்குள் அடுத்த மூச்சு வந்து இடிக்கிறது. வடிகால் சிறுத்த தொட்டியில் குழாயைத் திறந்தே வைத்தது போல, உள்ளே மட்டம் ஏறிக்கொண்டே போகும்.

ஃப்ளோ கோட்டில் இது மறைக்க முடியாதபடி தெரியும். வெளிமூச்சுக் கோடு மேலேறி வருகிறது, பூஜ்யத்தைத் தொடவில்லை, அப்படியே செங்குத்தாக உள்மூச்சாகத் திரும்புகிறது. தரை இல்லை. இந்த நோயாளிகளிடம் வெளிமூச்சின் வடிவமும் வேறு: தொடக்கத்தில் ஒரு கூர்முனை, உடனே உடைந்து, பிறகு மிக மெதுவான ஒரு வால். சிறு காற்றுக்குழாய்கள் வெளிமூச்சில் ஒடுங்கிக்கொள்வதன் அடையாளம் அது.

சிக்கிய காற்று உண்டாக்கும் அழுத்தத்தை ஆட்டோபீப் என்கிறோம். 1982இல் பெப்பேயும் மரினியும் இதை விளக்கி எழுதியபோது 'மறைந்திருக்கும்' அழுத்தம் என்றே குறித்தார்கள். இயந்திரத்தின் பிரஷர் அளவி அதைக் காட்டாது. எக்ஸ்பிரேட்டரி ஹோல்ட் அழுத்தினால்தான் தெரியும். அதுவும் நோயாளி சொந்தமாக மூச்சு இழுக்காமல் இருந்தால் மட்டுமே அந்த எண்ணை நம்பலாம். ஃப்ளோ பூஜ்யத்தைத் தொடவில்லை என்பது ஆட்டோபீப் இருக்கிறது என்று சொல்லும். எவ்வளவு என்று சொல்லாது. கடுமையான ஆஸ்துமாவில் இன்னொரு சிக்கல்: சில குழாய்கள் முழுக்க அடைபட்டு, அவற்றுக்குப் பின்னால் இருக்கும் அழுத்தம் ஹோல்டில்கூட வெளியே தெரியாமல் போகலாம். அங்கே பிளாட்டோ ஏறிக்கொண்டே போவதுதான் துப்பு.

சரிசெய்வதில் பலரும் முதலில் கை வைப்பது உள்மூச்சு நேரத்தில். கணக்குப் போட்டுப் பாருங்கள். 24 மூச்சில் உள்மூச்சை 0.8இலிருந்து 0.6க்குக் குறைத்தால் வெளிமூச்சுக்குக் கிடைக்கும் கூடுதல் நேரம் 0.2 நொடி. மூச்சு எண்ணிக்கையை 12க்குக் குறைத்தால் கிடைப்பது 2.5 நொடி. எண்ணிக்கையைக் குறையுங்கள். டைடல் வால்யூமும் அளவோடு இருக்கட்டும். பிஎச் ஏற்கத்தக்க அளவில் இருக்கும்வரை கார்பன்டைஆக்சைடு கொஞ்சம் ஏறினால் ஏறட்டும். சிக்கிய காற்று அதைவிடக் கெட்டது. சளி எடுப்பதும் நெபுலைசர் தருவதும் கூடவே நடக்க வேண்டும்.

இவருக்கு ட்யூப் போட்ட சில நிமிடங்களில் ரத்த அழுத்தம் சரிந்தால், சலைன் பாட்டிலைத் தேடுவதற்கு முன் ஃப்ளோ கோட்டைப் பாருங்கள். தரை இல்லையென்றால் சர்க்யூட்டை ட்யூபிலிருந்து கழற்றிவிட்டு அரை நிமிடம் காத்திருங்கள். சிக்கிய காற்று வெளியேறி, இதயத்துக்கு ரத்தம் திரும்பி, அழுத்தம் கண்ணெதிரே ஏறினால் காரணம் தெரிந்துவிட்டது. ஏறவில்லையென்றால் உடனே நியூமோதோராக்ஸைத் தேட வேண்டும்.

ரம்பப் பல்

பூச்சிமருந்து குடித்து வருபவர்களைப் பார்க்காத ஐசியூ தமிழ்நாட்டிலும் இலங்கையிலும் அரிது. ஆர்கனோபாஸ்பரஸ் விஷத்தில் நுரையீரலுக்குள் நீர் சுரந்து கொட்டுகிறது. வெளிமூச்சு ஃப்ளோ கோடு வழுவழுப்பை இழந்து ரம்பப் பல் போல நொறுங்கித் தெரியும். பல நேரம் உள்மூச்சிலும் தெரியும். காற்று சளியைக் கடக்கும்போது உண்டாகும் அதிர்வு அது. ஜுப்ரானும் டோபினும் 1994இலேயே இதைச் சளியின் நம்பகமான அடையாளமாகக் காட்டியிருக்கிறார்கள்.

சக்‌ஷன் போடுவதற்கு முன் ஒரு வேலை இருக்கிறது. சர்க்யூட் குழாய்களில் தேங்கிய நீரும் இதே ரம்பத்தை வரையும். ஹ்யூமிடிஃபையர் சூடாகவும் அறை ஏசியில் குளிர்ந்தும் இருக்கும் நம் ஐசியூக்களில் குழாய்க்குள் நீர் சேர்வது அன்றாடம். அதை வாட்டர் டிராப்புக்குள் வடியுங்கள், நோயாளியின் பக்கம் சாய்த்துவிடாதீர்கள். நீரை அகற்றிய பிறகும் ரம்பம் இருந்தால் சளி. இரண்டு மணி நேரத்துக்கு ஒரு முறை என்று கடிகாரத்தைப் பார்த்துச் சக்‌ஷன் போடுவதை நான் ஏற்பதில்லை. தேவையில்லாத ஒவ்வொரு சக்‌ஷனும் ஆக்சிஜனைக் குறைக்கிறது, காற்றறைகளைச் சுருக்குகிறது, சளிச்சவ்வைக் கீறுகிறது. கோடும் ஸ்டெதஸ்கோப்பும் சொல்லும்போது போடுங்கள். போட்ட பின் கோடு வழுவழுப்பானதா என்று பாருங்கள். ஆகவில்லையென்றால் வேலை முடியவில்லை.

இதே நோயாளியிடம் இன்னொன்றுக்கும் காத்திருக்க வேண்டும். 1987இல் இலங்கையின் சேனாநாயக்கவும் கரலியெத்தவும் விவரித்த இடைநிலைத் தளர்ச்சி, விஷம் குடித்த 24 முதல் 96 மணி நேரத்துக்குள் வருகிறது. வாய்நீர் வற்றி, நினைவு தெளிந்து, ட்யூபை எடுத்துவிடலாமா என்று நாம் யோசிக்கும் அதே நாட்களில் கழுத்துத் தசைகளும் மூச்சுத் தசைகளும் ஓய்கின்றன. தலையணையிலிருந்து தலையைத் தூக்கச் சொல்லிப் பாருங்கள். திரையில், பிரஷர் சப்போர்ட்டில் இருப்பவரின் டைடல் வால்யூம் சில மணி நேரத்தில் படிப்படியாகச் சிறுத்து மூச்சு எண்ணிக்கை ஏறும். உள்மூச்சின் தொடக்கத்தில் பிரஷர் கோட்டில் விழும் சிறு பள்ளம் ஆழமிழக்கும். இதைக் கண்டால் ட்யூபை எடுக்கும் யோசனையைத் தள்ளிவையுங்கள்.

பீக் பிரஷர் அலாரம்

வால்யூம் கண்ட்ரோலில் பீக் 45 என்று அலாரம் அடிக்கிறது. முதலில் நோயாளி: மார்பு இரண்டு பக்கமும் ஏறுகிறதா, நிறம் எப்படி, சாச்சுரேஷன் என்ன. அவர் நிலைகுலைந்திருந்தால் கோட்டைப் படிக்க நேரமில்லை. கழற்றி, ஆம்பு பையால் கையில் ஊதுங்கள். 1952இல் கோபன்ஹேகனில் போலியோ பரவியபோது, பியோர்ன் இப்சன் காட்டிய வழியில் நூற்றுக்கணக்கான மருத்துவ மாணவர்கள் முறைவைத்து நாள்கணக்கில் கையால் ஊதித்தான் நோயாளிகளைக் காப்பாற்றினார்கள். நுரையீரல் இறுகுவதும் தளர்வதும் அவர்களுக்கு உள்ளங்கையில் தெரிந்தது. இன்றும் பை எளிதாக அமுங்கினால் கோளாறு இயந்திரத்திலோ சர்க்யூட்டிலோ இருக்கிறது. அமுங்க மறுத்தால் ட்யூபிலோ நோயாளியிடமோ இருக்கிறது.

நேரம் இருந்தால் ஹோல்ட் அழுத்துங்கள். பீக் 45, பிளாட்டோ 20 என்றால் தடை பாதையில்: ட்யூப் மடங்கியிருக்கலாம், நோயாளி கடித்திருக்கலாம், சளிக்கட்டி, ஈரம் ஊறி அடைத்த ஃபில்டர், மூச்சுக்குழாய் இறுக்கம். பீக் 45, பிளாட்டோ 40 என்றால் விரிய மறுப்பது நுரையீரலோ அதைச் சுற்றியிருப்பதோ: நியூமோதோராக்ஸ், வலது மூச்சுக்கிளைக்குள் இறங்கிவிட்ட ட்யூப், சுருங்கிய நுரையீரல், நீர்க்கோப்பு, ஊதிய வயிறு. சிக்கிய காற்றும் இந்த இரண்டாவது கணக்கில்தான் வரும். அதனால் ஃப்ளோவின் தரையை இங்கேயும் ஒரு முறை பார்த்துவிடுங்கள்.

பிரஷர் கண்ட்ரோலில் இந்த அலாரம் அடிக்காது, நாம் வைத்த பிரஷரைத் தாண்டி இயந்திரம் போவதில்லை என்பதால். பிரஷர் கோடு எப்போதும்போல அழகான சதுரமாக இருக்கும், டைடல் வால்யூம் சத்தமில்லாமல் 400இலிருந்து 180க்கு விழுந்திருக்கும். ட்யூப் அடைபட்டால் உள்மூச்சு ஃப்ளோ குட்டையாகி, சரிவே இல்லாமல் தட்டையாக நீளும். நுரையீரல் இறுகினால் ஃப்ளோ உயரமாக எழுந்து வெகு சீக்கிரம் பூஜ்யத்துக்கு இறங்கிவிடும். இந்த முறையில் வைத்திருக்கும் ஒவ்வொரு நோயாளிக்கும் குறை வால்யூம் அலாரத்தை அர்த்தமுள்ள எண்ணில் வையுங்கள். தொந்தரவு செய்கிறது என்று 50 மி.லி.யில் வைக்கப்பட்ட அலாரம் யாரையும் காப்பாற்றாது.

நோயாளி என்ன கேட்கிறார்

"டாக்டர், மூணாம் பெட் பேஷண்ட் ஃபைட் பண்றாரு, மிடாஸ் போடட்டுமா?"

"இருங்க சிஸ்டர், ஒரு நிமிஷம் கோட்டைப் பார்த்துட்டுப் போடலாம்."

இந்த ஒரு நிமிடத்துக்காகத்தான் இந்தப் பகுதியை எழுதுகிறேன். நோயாளியும் இயந்திரமும் ஒத்துப்போகாத நிலைகளில் செடேஷனால் தீர்பவை சில. செடேஷனால் மோசமாகுபவையும் உண்டு. எது எது என்பது கோட்டில் இருக்கிறது.

மிக அதிகம் காண்பதும் மிக அதிகம் தவறவிடுவதும் வீணான முயற்சி. நோயாளி இழுக்கிறார், இயந்திரம் பதில் தரவில்லை. வெளிமூச்சு ஃப்ளோ கோட்டில் நடுவே பூஜ்யத்தை நோக்கி ஒரு மேடு எழுந்து அடங்கும். அதே நொடியில் பிரஷர் கோட்டில் ஒரு மெல்லிய பள்ளம். உள்மூச்சு வராது. திரை 18 என்று காட்டும்; மார்பில் கை வைத்து எண்ணினால் 30 வரும். 2006இல் தீய் குழுவினர் பார்த்த 62 நோயாளிகளில் நாலில் ஒருவருக்கு இயந்திரத்தோடு ஒத்துப்போகாத மூச்சுகள் பத்து சதவீதத்தைத் தாண்டியிருந்தன. அவர்கள் வென்டிலேட்டரில் இருந்த காலமும் நீண்டது. காரணம் பெரும்பாலும் நாம் ஏற்கெனவே பார்த்த சிக்கிய காற்று. ஆட்டோபீப் 10 என்றால் அந்தப் பத்தையும் வென்ற பிறகுதான் நோயாளியின் முயற்சி இயந்திரத்துக்குத் தெரியும். தேவைக்கு மேல் பிரஷர் சப்போர்ட் கொடுத்தால் மூச்சு பெரிதாகி, வெளிமூச்சு நீண்டு, இதுவே இன்னும் கூடும். அதனால் இங்கே மருந்து சப்போர்ட்டைக் குறைப்பது. சிஓபிடியில் வெளியிலிருந்து பீப்பைக் கொஞ்சம் ஏற்றி, ஆட்டோபீப்பில் முக்கால் பங்குவரை கொண்டுபோவதும் முயற்சியின் பாரத்தை இறக்கும். செடேஷன் கொடுத்தால் முயற்சி இன்னும் பலவீனமாகி இன்னும் பல மூச்சுகள் வீணாகும்.

இரண்டாவது, காற்றுப் பசி. வால்யூம் கண்ட்ரோலில் நாம் நிமிடத்துக்கு 40 லிட்டர் வைத்திருக்கிறோம். அவருக்கோ 70 வேண்டும். ஃப்ளோ கோடு சதுரம் மாறாது, ஏனென்றால் அது நம் செட்டிங். பிரஷர் கோடுதான் நேராக ஏறாமல் நடுவில் குழிந்து தொங்கும். குழி எவ்வளவு ஆழமோ அவ்வளவு பசி. ஃப்ளோவை ஏற்றிப் பாருங்கள். வலி, காய்ச்சல், அமிலத்தன்மை எதையாவது விட்டிருக்கிறோமா என்று தேடுங்கள். பிரஷர் கண்ட்ரோலுக்கு மாற்றினால் குழி மறைந்துவிடும், அவர் விரும்பிய அளவு இழுத்துக்கொள்வார். ஆனால் டைடல் வால்யூம் 400லிருந்து 700க்குப் போயிருக்கிறதா என்று அப்போது பார்க்காமல் இருந்துவிடக் கூடாது.

இரட்டை மூச்சு எல்லாவற்றிலும் ஆபத்தானது. ஒரு உள்மூச்சு முடிந்து வெளிமூச்சு சரியாகத் தொடங்குவதற்குள் இன்னொன்று ஏறுகிறது. 400க்கு மேல் 400. ஏஆர்டிஎஸ் நோயாளிக்குக் கிலோவுக்கு 12 மி.லி.க்குப் பதில் 6 மி.லி. தந்தபோது இறப்பு 39.8 சதவீதத்திலிருந்து 31 சதவீதத்துக்குக் குறைந்தது என்று 2000ஆம் ஆண்டில் ஏஆர்டிஎஸ்நெட் ஆய்வு காட்டியது. செட்டிங்கில் 6 என்று வைத்துவிட்டு இரட்டை மூச்சை ஓடவிட்டால் அந்த நுரையீரலுக்கு நாம் தருவது 12தான். சார்ட்டில் 6 என்றே பதிவாகும்.

இங்கே முதல் மூச்சை யார் தொடங்கினார் என்று பாருங்கள். முதல் மூச்சுக்கு முன் பிரஷரில் பள்ளம் இருந்தால் நோயாளி தொடங்கியிருக்கிறார். இயந்திரத்தின் உள்மூச்சு அவருக்குப் போதாமல் இன்னும் இழுக்கிறார். உள்மூச்சு நேரத்தை நீட்டிப் பாருங்கள். அதற்கும் அடங்காத வேகம் இருந்தால் செடேஷன் நியாயம். பள்ளமே இல்லாமல் இயந்திரம் தன் நேரப்படி தொடங்கி, அதன் நடுவிலோ முடிவிலோ நோயாளியின் இழுப்பு வந்தால் அது தலைகீழ் டிரிகர். இயந்திரம் நுரையீரலை விரிக்க, அந்த விரிப்பே உதரவிதானத்தை அசைத்துவிடுகிறது. 2013இல் அகூமியனாக்கி குழு இதை ஆழ்ந்த செடேஷனில் இருந்த எட்டு நோயாளிகளிடம் விவரித்தது. இந்த வகையைக் கண்டு செடேஷனை மேலும் ஏற்றினால் பெரும்பாலும் பலன் இல்லை. செடேஷனைக் குறைத்து நோயாளியே மூச்சைத் தொடங்கவிடுவது ஒரு வழி; நுரையீரல் மிக மோசமாக இருந்தால் தசைத் தளர்ப்பி இன்னொரு வழி. மூத்த மருத்துவரோடு பேசி முடிவெடுக்க வேண்டிய இடம் இது.

மூச்சு முடியும் நேரத்தில் வரும் முரண்பாடுகளைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். பிரஷர் சப்போர்ட்டில், உள்மூச்சு ஃப்ளோ தன் உச்சத்தின் 25 சதவீதத்துக்கு இறங்கும்போது இயந்திரம் மூச்சை முடிப்பது வழக்கமான செட்டிங். சிஓபிடி நோயாளிக்கு ஃப்ளோ மெதுவாக இறங்குவதால் அந்த இடம் வருவதற்குள் அவர் வெளியே தள்ளத் தொடங்கிவிடுவார்; பிரஷர் கோட்டின் கடைசியில் ஒரு கொம்பு முளைக்கும். 40, 50 சதவீதம் என்று ஏற்றிவிடுங்கள். இறுகிய நுரையீரலில் நேர்மாறு: மூச்சு சீக்கிரம் முடிந்துவிடும், அவர் இன்னும் இழுத்துக்கொண்டிருப்பார், வெளிமூச்சுக் கோட்டின் தொடக்கத்தில் ஒரு வெட்டு தெரியும். அங்கே சதவீதத்தைக் குறைக்க வேண்டும்.

கோட்டை மட்டும் நம்பி மார்பைப் பார்க்காமல் இருக்க வேண்டாம். 2011இல் கொலம்போ குழு, உதரவிதானத்தின் மின்சைகையைப் பதிவுசெய்து ஒப்பிட்டபோது, அனுபவமுள்ள மருத்துவர்களும் கோடுகளிலிருந்து மட்டும் முரண்பாடுகளில் மூன்றில் ஒரு பங்குக்கும் குறைவாகவே கண்டுபிடித்தார்கள். ஒரு கண் திரையில், ஒரு கை மார்பில்.

யாரும் கேட்காத மூச்சு

முயற்சியே இல்லாமல் இயந்திரம் தானே டிரிகர் ஆவதும் உண்டு. சர்க்யூட்டில் கசிவு, குழாயில் ஆடும் நீர், அல்லது இதயத் துடிப்பின் அதிர்வு. செட் செய்தது 14, ஓடுவது 28, எந்த மூச்சுக்கும் முன்னால் பிரஷரில் பள்ளம் இல்லை என்றால் சந்தேகப்படுங்கள். வால்யூம் கோட்டைப் பார்க்க வேண்டிய இடம் இதுதான். உள்ளே 420 போய் வெளியே 300 மட்டும் வந்தால் கோடு அடித்தளத்துக்கு இறங்காமல் மேலேயே நின்று, அடுத்த மூச்சின் தொடக்கத்தில் செங்குத்தாகக் கீழே குதிக்கும். கஃப் பிரஷரைப் பாருங்கள், இணைப்புகளைக் கையால் தடவிப் பாருங்கள்.

மூளைச்சாவு என்று சந்தேகிக்கப்படும் நோயாளியிடம் இது மிகக் கவனமாகப் பார்க்க வேண்டியது. டிரிகர் மிக நுட்பமாக வைக்கப்பட்டிருந்தால் இதயத் துடிப்பே இயந்திரத்தைத் தூண்டும். திரை 'நோயாளியின் மூச்சு' என்று குறியிடும். வெளியே காத்திருக்கும் குடும்பத்திடம் யாரோ "சொந்தமா மூச்சு விடுறார்" என்று சொல்லிவிடுவார்கள். சொல்வதற்கு முன் டிரிகரின் நுட்பத்தைக் குறைத்துப் பாருங்கள். கூடுதல் மூச்சுகள் நின்றுவிட்டால் அவை அவருடையவை அல்ல. மூளைச்சாவை முடிவுசெய்ய அதற்கென்று உள்ள முறையான சோதனைகள் இருக்கின்றன. அதற்கு முன்னால் குடும்பத்துக்குப் பொய்யான நம்பிக்கை தராமல் இருப்பது நம் கடமை. பாம்பு கடித்து அசைவற்றுக் கிடப்பவரை மூளைச்சாவு என்று நினைத்துவிடாமல் இருப்பதும் அதே கடமைதான்.

சார்ட்டில் எழுதுவது

பெரும்பாலான ஐசியூ சார்ட்டில் மோட், டைடல் வால்யூம், ரேட், பீப், ஆக்சிஜன் சதவீதம், பீக் என்று கட்டங்கள் இருக்கும். அவற்றோடு ஷிஃப்டுக்கு ஒரு முறை நான்கைச் சேர்த்து எழுதுங்கள். நோயாளி அமைதியாக இருக்கும்போது எடுத்த பிளாட்டோ. அதிலிருந்து பீப்பைக் கழித்த எண். வெளிமூச்சு ஃப்ளோ பூஜ்யத்தைத் தொடுகிறதா, ஆம் அல்லது இல்லை. மார்பைப் பார்த்து எண்ணிய மூச்சும் திரை காட்டும் மூச்சும், பக்கத்தில் பக்கத்தில். கட்டம் இல்லையென்றால் ஓரத்தில் எழுதலாம். ஷிஃப்ட் மாறும்போது அடுத்த சிஸ்டரைத் திரைக்கு முன் நிறுத்தி, கோட்டை ஃப்ரீஸ் செய்து, "சாயங்காலம் ஃப்ளோ தரையைத் தொட்டுச்சு, ஒன்பது மணியிலிருந்து தொடலை, டாக்டர்கிட்ட சொல்லி ரேட்டைக் குறைச்சிருக்கு, நீங்க பதினொரு மணிக்கு மறுபடி பாருங்க" என்று காட்டிச் சொல்லிவிட்டுப் போங்கள்.